யார் வீட்டு ஆச்சி?

சேவூரில் எங்கள் வீட்டுத் தறி கூடத்தில்தான் இருந்தது. தாத்தா தறிக்குழியில் இறங்கி உட்கார்ந்தால் மதியச் சோற்றுக்குத்தான் எழுவார். கூடத்தின் மறுபக்கம் ராட்டையோடு ஆயா. பட்டு நூலைச் சிக்கெடுப்பது, தார் சுற்றுவது, பாவில் இழை அறுந்தால் பிணைப்பது, கரை போடும்போது பக்கத்தில் உட்கார்ந்து நாடாவைத் தள்ளிக் கொடுப்பது எல்லாம் அவர் வேலை. இடையில் சமையல், மாடு, பிள்ளைகள். புடவை முடிந்து கூலி வாங்கும்போது சீட்டில் தாத்தாவின் பெயர் மட்டும் இருக்கும். கைத்தறிக் கணக்கெடுப்புகளில் நெசவாளர் என்று ஒரு பிரிவும், துணைத் தொழிலாளர் என்று இன்னொரு பிரிவும் உண்டு. எங்கள் ஆயா யாராவது கணக்கெடுக்க வந்திருந்தால் இரண்டாவது பிரிவில் வந்திருப்பார்.

இந்தத் ‘துணை’ என்ற சொல்லைச் சினிமாவிலும் பார்க்கலாம். விருதுப் பட்டியலில் ‘சிறந்த துணை நடிகை’ என்பார்கள். கொஞ்சம் மரியாதை சேர்க்க வேண்டுமானால் ‘குணச்சித்திர நடிகை’. ஆயா ராட்டையை நிறுத்திவிட்டுத் தொலைக்காட்சியைப் பார்த்தது ஒருத்திக்காக மட்டும்தான். ஞாயிற்றுக்கிழமைப் படத்தில் மனோரமா வந்தால் நிறுத்துவார். கதாநாயகி அழும்போது ராட்டை ஓடிக்கொண்டிருக்கும்.

மனோரமாவைப் பற்றி எழுத உட்காரும் எவரும் ஆயிரம் படம், கின்னஸ், ஐந்து முதலமைச்சர்கள் என்று தொடங்குவது வழக்கம். நான் அவருடைய தாயிடமிருந்து தொடங்குகிறேன்.

ராமாமிர்தம் என்பது அந்தத் தாயின் பெயர். 1937 மே 26 அன்று மன்னார்குடியில் மகள் பிறந்தாள். வைத்த பெயர் கோபிசாந்தா. கணவர் கைவிட்டுவிட, கைக்குழந்தையோடு காரைக்குடி அருகே பள்ளத்தூருக்கு வந்து வீட்டு வேலை செய்து பிழைத்தார் ராமாமிர்தம். பிறகு அவர் நோயில் விழ, மகளின் படிப்பு ஆறாம் வகுப்போடு நின்றது. மகளும் வீட்டு வேலைக்குப் போனாள். ஊருக்கு வந்த ஒரு நாடகக் குழுவுக்குப் பாடத் தெரிந்த பெண் தேவைப்பட்டபோது பன்னிரண்டு வயது கோபிசாந்தா மேடையேறினாள். மனோரமா என்பது நாடகக்காரர்கள் வைத்த பெயர்.

பெண் மேடையேறுவது அன்று என்னவாக இருந்தது என்பதை எங்கள் பகுதிக்காரர்களுக்கு எளிதில் சொல்லலாம். ஆரணி, செய்யாறு பக்கம் கோடையில் பாரதக் கூத்து நடக்கும். பதினெட்டாம் நாள் படுகளம். துரியோதனன் ரத்தம் பூசிக் கூந்தல் முடியும் திரௌபதி, மீசை மழித்த ஓர் ஆண். புரிசைக் கூத்தைப் பார்த்து வளர்ந்த எனக்குச் சிறு வயதில் பெண்ணாக நடிப்பதே ஆண்களின் தொழில் என்றுதான் தோன்றியது. சங்கரதாஸ் சுவாமிகளின் பாய்ஸ் கம்பெனிகளிலும் சிறுவர்கள்தான் வள்ளி, தமயந்தி, சாவித்திரி. பெண்கள் மேடையில் இல்லாமல் இல்லை. கும்பகோணத்தில் பாலாமணி பெண்களை மட்டுமே கொண்ட குழுவை நடத்தினார். அவர் நாடகம் பார்க்கத் தனி ரயில் விட்டார்கள் என்று கதை உண்டு. கே.பி. சுந்தராம்பாள் ஸ்பெஷல் நாடக மேடைகளில் கோலோச்சினார். 1931இல் ‘காளிதாஸ்’ படத்தின் நாயகியான டி.பி. ராஜலட்சுமியும் நாடகத்திலிருந்து வந்தவரே. 1936இல் ‘மிஸ் கமலா’வை இயக்கவும் செய்தார். ஆனால் பொதுப்புத்தியில் மேடையேறிய பெண் குடும்பத்துக்கு ஆகாதவள். வேறு வழி இருந்த வீட்டுப் பெண்கள் அங்கே போகவில்லை. வழியில்லாத வீட்டுப் பெண்கள்தான் அந்தக் கலையைக் காப்பாற்றிக் கொடுத்தார்கள்.

எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றத்தில், கலைஞர் எழுதிய ‘மணிமகுடம்’ போன்ற நாடகங்களில் நடித்து மனோரமா பெயர் வாங்கினார். குழுவில் இருந்த எஸ்.எம். ராமநாதனைக் காதலித்து மணந்தார். ஒரு மகன் பிறந்தான். கணவர் விலகிப் போனார். தாய்க்கு நடந்தது மகளுக்கும் நடந்தது என்று பத்திரிகைகள் இதை விதியைப் போல எழுதும். எனக்கு அது விதியாகத் தெரியவில்லை. கைவிட்டுப் போவதற்கு ஆண்களுக்கு ஒரு செலவும் இல்லாத சமூகத்தில் அது இரண்டு தலைமுறைக்கு நடப்பதில் வியக்க என்ன இருக்கிறது? வித்தியாசம் என்னவென்றால், மகளிடம் ஒரு தொழில் இருந்தது. தாய், மகன் இருவரையும் அந்தத் தொழிலே காப்பாற்றியது.

1958இல் கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’யில் தமிழ்ப் படத்துக்குள் வந்தார். நகைச்சுவை வேடம். நாடகத்தில் கதாநாயகியாக நடித்தவருக்கு அதில் தயக்கம். கதாநாயகியாக வந்தால் சில வருடங்களில் காணாமல் போவாய், இதில் நின்றால் நீண்ட காலம் நிற்பாய் என்ற பொருளில் கண்ணதாசன் தேற்றியதாக மனோரமாவே பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். அனுபவசாலியின் நல்ல யோசனை, பலித்தும் விட்டது. ஆனால் அதற்குள் இருக்கும் கணக்கைப் பாருங்கள். கதாநாயகியின் ஆயுள் சில வருடம் என்பதை எல்லோரும் மழை வெயில் போல ஏற்றுக்கொண்டிருந்தார்கள். எம்.ஜி.ஆருக்கோ சிவாஜிக்கோ இப்படி யாரும் யோசனை சொல்ல வேண்டியிருக்கவில்லை.

1963இல் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘கொஞ்சும் குமரி’யில் நாயகியாக நடித்தார். பிறகு மீண்டும் நகைச்சுவைக்கே திரும்பினார். நாகேஷுடன், சோவுடன் படம் படமாக ஜோடி. 1968இல் ஏ.பி. நாகராஜனின் ‘தில்லானா மோகனாம்பாள்’ வந்தது. நாயகி பத்மினி 1932இல் பிறந்தவர். மனோரமாவைவிட ஐந்து வயது மூத்தவர். ஆக, யார் நாயகி, யார் துணை என்பதை வயது தீர்மானிக்கவில்லை. நிறம், முகவெட்டு, எந்த வாசல் வழியாக உள்ளே வந்தாள் என்பவை தீர்மானித்தன.

அந்தப் படத்தின் ஜில் ஜில் ரமாமணி நாடகக்காரி. மோகனாவின் கலைக்குக் கோயில் இருக்கிறது, மரபு இருக்கிறது, கௌரவப் போராட்டம் இருக்கிறது. ரமாமணிக்குக் கொட்டகை மட்டும்தான். படம் அவளைப் பார்த்துச் சிரிக்கச் சொல்கிறது, நாமும் சிரிக்கிறோம். ஆனால் ஆண்கள் சூழ்ந்த இடத்தில் கூச்சமில்லாமல் நடக்கும் நடை, வாய் நிறையப் பேசும் பேச்சு, பிறர் துயரத்தைப் பார்த்ததும் சட்டென்று இளகும் முகம் எல்லாம் மனோரமாவுக்கு யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. அந்த மேடைகளிலிருந்துதான் அவர் வந்தார். ஆயா ரமாமணியை மட்டும் சிரிக்காமல் பார்ப்பார். ஏன் என்று அப்போது கேட்கத் தோன்றவில்லை.

அதே 1968இல் ‘பொம்மலாட்டம்’ படத்தில் சென்னைத் தமிழில் அவரே பாடிய பாட்டு இன்றும் கேட்கப்படுகிறது. அக்கிரகாரப் பேச்சோ, செட்டிநாட்டுப் பேச்சோ, கொங்குப் பேச்சோ, எதைக் கொடுத்தாலும் அந்த ஊர்க்காரியாகவே பேசினார். ஆறாம் வகுப்போடு நின்ற படிப்பு. பிறர் வீட்டு அடுக்களையிலும் ஊர் ஊராகப் போட்ட கொட்டகையிலும் காதால் கற்றது.

1985 வாக்கில் ஆயிரம் படங்களைத் தாண்டிக் கின்னஸ் புத்தகத்தில் இடம்பெற்றார். அதைச் சாதனை என்று சொல்லிக் கைதட்டுகிறோம். 27 வருடத்தில் ஆயிரம் என்றால் மாதத்துக்கு மூன்று படம். அத்தனையும் சில நாள் வேலை, சில காட்சி. ஒரு படத்தில் ஊன்றி நிற்க இடம் தராத துறையில், பிழைக்க வேண்டிய பெண் எண்ணிக்கையில்தான் ஊன்ற முடியும். ஒரு புடவைக்கு எத்தனை தார் என்று ஆயா கணக்கு வைத்ததில்லை. வைத்திருந்தால் அதுவும் ஒரு கின்னஸ்தான்.

இங்கே இன்னொருவரையும் சொல்ல வேண்டும். விருதுநகர்ப் பக்கத்துச் சென்னல்குடியில் பிறந்த எஸ்.என். லட்சுமி, என்.எஸ். கிருஷ்ணனின் குழு வழியே வந்தவர். திருமணம் செய்துகொள்ளாமல் வாழ்ந்து, 2012 பிப்ரவரியில் தம் எண்பத்தைந்தாவது வயதில் மறையும்வரை நடித்தவர். 1964இல் ‘சர்வர் சுந்தரம்’ படத்தில் நாகேஷுக்குத் தாய். தாய்க்கும் மகனுக்கும் வயது வித்தியாசம் ஏறக்குறைய ஆறு. அதன்பின் நாற்பது வருடத்துக்கு மேல் தாய், மாமியார், பாட்டி. ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டும் பாட்டியைப் பார்த்தால், இந்தப் பெண்மணிக்கு இத்தனை காலமாக அழும் வேடங்களையே ஏன் கொடுத்தார்கள் என்று கோபம்கூட வரும். மனோரமாவுக்காவது கின்னஸ். லட்சுமியின் முகம் தெரிந்தவர்களில் பாதிப்பேருக்குப் பெயர் தெரியாது.

எண்பதுகளில் மனோரமாவும் அம்மாவானார். 1986இல் ‘சம்சாரம் அது மின்சாரம்’. வேலைக்காரி கண்ணம்மா. வீட்டுப் பெண்கள் தயங்கி நிற்க, சம்பந்தியிடம் எகிறிப் பேசுவது அவள்தான். தியேட்டரே அதிர்ந்த காட்சி அது. அமெரிக்காவில் ஹாட்டி மெக்டேனியல், அடிமைகளாக இருந்து விடுதலை பெற்ற பெற்றோரின் மகள், மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்து வேலைக்காரி வேடங்களாகவே நடித்தார். 1940இல் அப்படி ஒரு வேடத்துக்காகத் துணை நடிகைக்கான ஆஸ்கர் பெற்ற இரவில், அவரைச் சக நடிகர்களோடு உட்கார வைக்காமல் தனி மேசையில் உட்கார வைத்தார்கள். மனோரமாவுக்கு யாரும் தனி மேசை போடவில்லை. அவரை ‘ஆச்சி’ என்று அழைத்தார்கள்.

அந்தச் சொல்லை யோசித்துப் பாருங்கள். செட்டிநாட்டில் ஆச்சி என்பது நகரத்தார் வீட்டு எஜமானியை அழைக்கும் சொல். பள்ளத்தூரில் ராமாமிர்தமும் அவர் மகளும் வேலை செய்த வீடுகளில் அந்தச் சொல்லைத் தினம் எத்தனை முறை சொல்லியிருப்பார்கள்! பிறகு அதே சொல்லால் தமிழ்நாடே அந்த மகளை அழைத்தது. இதை எண்ணி மகிழ்வதா, தாயாகவும் ஆச்சியாகவும் ஆக்கினால்தான் ஒரு நடிகைக்கு மரியாதை கிடைக்கும் என்பதற்காக வருந்துவதா என்று எனக்கு இன்னும் தெளிவில்லை.

ஏனென்றால் தாயாகிவிட்ட பெண்ணுக்கு ஆசை வந்தால் அது சிரிப்பு. 1990இல் ‘நடிகன்’ படத்தில் முதியவர் வேடம் போட்டு வரும் சத்யராஜைக் காதலிக்கும் பேபியம்மா, திருமணமாகாத நடுவயதுப் பெண். அவள் நாணுவதும் அலங்கரித்துக்கொள்வதும் படத்தின் நகைச்சுவை. மனோரமா அதை வெறும் கேலியாக நடிக்கவில்லை. உண்மையிலேயே காத்திருப்பவளின் முகம் அதில் சில நொடிகள் வந்து போகும். ‘புதிய பாதை’க்காக (1989) தேசிய விருது கிடைத்தது. துணை நடிகைக்கான விருதுதான். வன்புணர்ந்தவனையே அந்தப் பெண் மணந்து திருத்தும் கதை அது. அந்தப் படத்தோடு நமக்குச் சண்டை உண்டு; அவருக்குக் கிடைத்த விருதோடு இல்லை.

அண்ணாவோடும் கலைஞரோடும் நாடக மேடையில், எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என்.டி. ராமராவ் ஆகியோரோடு திரையில் என்று ஐந்து முதல்வர்களோடு நடித்தவர் என்பதை எல்லோரும் பெருமையாகச் சொல்வார்கள். மேடையும் திரையும் அவர்களை எங்கே கொண்டுபோயின என்று பட்டியலே சொல்கிறது. மனோரமாவும் ஒருமுறை அரசியல் பேசினார். 1996 தேர்தலில் அ.தி.மு.க.வுக்காக ரஜினிகாந்தைக் கடுமையாகத் தாக்கிப் பேசினார். அதன்பின் பட வாய்ப்புகள் குறைந்தன. மறுவருடம் ரஜினியே ‘அருணாச்சலம்’ படத்தில் நடிக்க அழைத்தார். அழைத்தவரின் பெருந்தன்மை பலமுறை பேசப்பட்டது. ஒரு தேர்தல் பேச்சுக்காக நாற்பது வருட நடிகையின் வேலை ஏன் குறைய வேண்டும் என்பது அவ்வளவாகப் பேசப்படவில்லை. அவர் பேசியது எனக்கு உடன்பாடில்லை. அது வேறு விஷயம்.

2002இல் பத்மஸ்ரீ. 2015 அக்டோபர் 10 இரவு சென்னையில் மறைந்தார்.

மறுநாள் நான் சேவூரில் இருந்தேன். ஆயா போய்ச் சேர்ந்து பல வருடமாகியிருந்தது. ராட்டை பெரியம்மாவிடம் வந்திருந்தது. தொலைக்காட்சியில் அஞ்சலிக் கூட்டத்தைக் காட்டிக்கொண்டிருந்தார்கள். பெரியம்மா தார் சுற்றுவதை நிறுத்தவில்லை.

“வயசு என்னா போட்டிருக்கான்?” என்று கேட்டார்.

“எழுபத்தெட்டு பெரியம்மா.”

“அவ்ளோதானா? எனக்கு நெனவு தெரிஞ்ச நாள்லேர்ந்து கெழவியாதானே காட்டினானுங்க.”