பாலாறு கேஸ்: பில் யார் கட்டணும்?

இந்த எபிசோடு கனகம்மாசத்திரத்துல இருந்து. இந்தப் பக்கம் ஓடற கொசஸ்தலை ஆறுதான் பூண்டி ஏரிக்குப் போகுது. அங்கிருந்து சென்னைக்குக் குடிநீர். இந்த ஆத்துல காவேரிப்பாக்கம் ஏரியோட உபரி நீரும் சேருது. அந்த ஏரிக்குத் தண்ணி எங்கிருந்து? வாலாஜா பக்கத்து அணைக்கட்டு வழியா, பாலாத்துல இருந்து. அதனால பாலாத்து கதை நம்ம கதையும்தான்.

வாணியம்பாடி, ஆம்பூர், ராணிப்பேட்டைனு பாலாத்தை ஒட்டி நூத்துக்கணக்கான தோல் தொழிற்சாலைகள். தோல் அழுகாம இருக்க உப்பு, பதப்படுத்த குரோமியம். ரெண்டும் கழிவுநீரோட நிலத்துலயும் ஆத்துலயும் இறங்குச்சு. 1991ல 'வேலூர் சிட்டிசன்ஸ் வெல்ஃபேர் ஃபோரம்' உச்ச நீதிமன்றம் போனாங்க. அங்க வைக்கப்பட்ட ஆய்வுக் கணக்குப்படி, சுமார் 35,000 ஹெக்டேர் விவசாய நிலம் பாதியாவோ முழுசாவோ பாழ்.

1996 ஆகஸ்ட் 28 அன்னிக்குத் தீர்ப்பு: மாசுபடுத்தினவங்கதான் செலவை ஏத்துக்கணும், அது இந்த நாட்டுச் சட்டத்தோட பகுதி. ஓஇசிடி நாடுகள் 1972லயே ஏத்துக்கிட்ட கொள்கை இது. தொழிற்சாலைக்குத் தலா 10,000 ரூபாய் அபராதம். பாதிக்கப்பட்டவங்களுக்கு இழப்பீடு கணக்குப் போட தனி அமைப்பு.

பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் இயங்குச்சு. ஆனா வழக்கமான சுத்திகரிப்பு குரோமியத்தைப் பிரிச்சிடும். கரைஞ்ச உப்பைப் பிரிக்காது. கிணத்துத் தண்ணியைக் கெடுக்கறதுல முக்கியப் பங்கு அந்த உப்புக்குத்தான்.

2025 ஜனவரி 30ல உச்ச நீதிமன்றம் மறுபடி சொல்லுச்சு: மிச்ச இழப்பீட்டை அரசு கொடுத்துட்டு, தொழிற்சாலைகள்கிட்ட வசூல் பண்ணிக்கட்டும்.

எங்க ஆபீஸ் பாஷைல சொன்னா, 1996ல போட்ட டிக்கெட் இன்னும் க்ளோஸ் ஆகல. அதுவரைக்கும் பில் கட்டினது யாரு? கிணறு கெட்டுப்போன விவசாயி.