சின்னத்திரை கண்ட இராதிகா அம்மையார்



கூத்தும் நாடகமும் தமிழர்க்குப் புதியன அல்ல. முத்தமிழுள் ஒன்றாக நாடகத்தை வைத்தெண்ணிய மக்கள் நாம். அங்ஙனமாகவும், நாடகமாடும் பெண்ணை மாத்திரம் வீட்டு வாயிலுக்கு வெளியே நிறுத்தி வைக்கும் வழக்கம் நம்மிடையே நெடுங்காலமாக இருந்து வருகின்றது. சென்ற கூட்டத்தில் நம் சங்கத்தின் கல்வி உதவி நிதியைப் பற்றி ஆராய்ந்த பொழுது, நடிப்புக்கலை பயில விரும்பும் மாணவி ஒருத்தியின் விண்ணப்பம் வாசிக்கப்பெற்றது. "மருத்துவம் பயில்வார்க்குக் கொடுக்கலாம்; பொறியியல் பயில்வார்க்குக் கொடுக்கலாம்; கூத்தாடப் போகும் பெண்ணுக்குக் குலத்தின் பொருளைக் கொடுப்பதோ?" என்று பெரியோர் சிலர் வினவினர். விண்ணப்பம் அடுத்த கூட்டத்துக்கு ஒத்தி வைக்கப்பெற்றது. அவ்வினாவுக்கு வரலாறு யாது விடை பகர்கின்றது என்பதை ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதற்கண் நம் பழைய நூலை நோக்குவோம். சிலப்பதிகாரத்து மாதவி ஐந்தாம் ஆண்டிற் பயிற்சி தொடங்கி, ஏழாண்டு கற்று, பன்னிரண்டாம் ஆண்டிற் சோழன் அவையில் அரங்கேறினாள். ஆடலாசான், இசையாசான், முழவோன், குழலோன், யாழாசிரியன், தமிழ்ப்புலவன் எனப் பலர் அவளுக்குத் துணை நின்றனர். அரசன் அவளுக்குத் தலைக்கோற் பட்டமும் 1008 கழஞ்சு பொன்னும் வழங்கினான். கலைக்கு இத்துணைப் பெருமை அளித்த அவ்வுலகமே அவள் பிறப்புக்கு இழிவும் கற்பித்தது. கலையைப் போற்றிக் கலைமகளை இகழும் இவ்விரட்டை நோக்கு அன்று தொட்டே நம்மைத் தொடர்ந்து வருகின்றது.

பின்னாளில் இந்நோக்கு எத்துணை வலிமை பெற்றதென்றால், நாடக மேடையிற் பெண் வேடத்தையும் சிறுவரே புனையலாயினர். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ஆம் ஆண்டு மதுரையில் நிறுவிய பாலர் சபை அத்தகையது. 'பாய்ஸ் கம்பெனி' என்று நம் பாட்டன்மார் வழங்கியவற்றில் அது தலையாயது. வள்ளியாகவும் சீதையாகவும் பையன்கள் நின்றனர். வள்ளியையும் சீதையையும் போன்ற பெண்டிர் திரைக்கப்பால் இருந்தனர்.

அவ்வேலியைத் தாண்டியவருள் முன்னிற்பவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அம்மையார். பங்குனி உத்திரத்துக்குக் கொடுமுடியினின்று காவிரித் தீர்த்தம் சுமந்து பழநிக்கு வரும் காவடிகளை நாம் ஆண்டுதோறும் காண்கின்றோம். அவ்வூரில் 1908-ஆம் ஆண்டு பிறந்து, வறுமையாற் புகைவண்டியிற் பாடிய சிறுமி, பின்னர் நாடக மேடையின் அரசியாகி, 1951-இற் சென்னைச் சட்ட மேலவையில் உறுப்பினராய் அமர்ந்தார். 1970-இற் பத்மஸ்ரீ விருதும் பெற்றார். 1965-இல் வெளிவந்த 'திருவிளையாடல்' படத்தில், கனி கிடையாது சினந்து பழநிக்கு வந்த முருகனை ஆற்றுவிக்கும் ஔவையாக அவர் பாடிய குரலைக் கேளாத வீடு நம் மலையடிவாரத்தில் உண்டோ? அப்பாட்டைப் பூசையறையில் ஒலிக்க விடும் நாம், பாடிய அம்மையாரும் கூத்து மேடையினின்று வந்தவரே என்பதை மறந்து விடுகின்றோம்.

மேடை திரையாயிற்று, திரை வீட்டுக்குள்ளே புகுந்து சின்னத்திரையாயிற்று. இதில் நம் மலைக்கும் ஒரு பங்குண்டு. 1975 ஆகஸ்டு 15-இற் சென்னையில் தொலைக்காட்சி நிலையம் தொடங்கிய பொழுது அதன் அலைகள் தென்மாவட்டங்களை எட்டவில்லை. அவ்வலைகள் பெரும்பாலும் ஒளியைப் போல நேர்கோட்டிற் செல்வன. ஆதலின் எத்துணை உயரத்தினின்று விடுக்கப்பெறுமோ அத்துணைத் தொலைவு பரவும். ஏறக்குறைய 7000 அடி உயரமுள்ள கோடைக்கானலில் 1980-களில் ஒளிபரப்புக் கோபுரம் எழுப்பப்பெற்றதன் காரணம் இதுவே. நம் மலையுச்சியினின்று இறங்கிய அலைகளாலேயே கீழ்நாட்டுச் சிற்றூர் பலவற்றில் முதன்முதலிற் படம் தெரிந்தது. பின்பு 1993 ஏப்ரல் 14-இற் சன் தொலைக்காட்சி தோன்றி, செயற்கைக்கோளும் கம்பிவடமும் வழியாக ஊர்தோறும் பரவிற்று.

தொடர்நாடகம் என்னும் இவ்வகையின் தாயகம் அமெரிக்க நாடு. 1930-களில் அங்கு வானொலியிற் பகற்பொழுதில், வீட்டுவேலை செய்யும் பெண்டிர் கேட்டற்கென நாள்தோறும் குடும்பக் கதைகள் ஒலிபரப்பப்பெற்றன. சவர்க்காரம் செய்து விற்போரே அவற்றுக்குப் பொருளுதவி செய்தமையின், அந்நாட்டார் அவற்றைச் சவர்க்கார நாடகம் என்றே நகையாகக் குறித்தனர். 1937-இல் வானொலியில் தொடங்கிய ஒரு கதை, 1952-இல் தொலைக்காட்சிக்கு மாறி, 2009 வரை நடைபெற்றதென்றால் அதன் வலிமையை என்னென்பது! நம் பாரத நாட்டில் 1984-இல் இந்தி மொழியில் வந்த 'ஹம் லோக்' இவ்வகைக்கு வழிகாட்டியாயிற்று. தமிழில் இதனை வீடுதோறும் நிலைநாட்டியவருள் தலைமையானவர் இராதிகா அம்மையார்.

இவர் 1962-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களிற் பிறந்தவர். தந்தையார் நடிகவேள் எம். ஆர். இராதா, தாயார் இலங்கைத் தமிழர். இராதா இளமையிலேயே நாடகக் கம்பெனியிற் சேர்ந்து மேடையையே பள்ளியாகக் கொண்டவர். 'இரத்தக் கண்ணீர்' நாடகத்தால் நாடெங்கும் பெயர் பெற்றவர். அந்நாடகம் 1954-இற் படமாயிற்று. 1967-ஆம் ஆண்டு சனவரித் திங்களில் எம். ஜி. ஆரைச் சுட்ட வழக்கில் அவர் சிறை புகுந்த பொழுது மகளுக்கு ஐந்து வயதும் நிரம்பவில்லை. புகழும் பழியும் ஒருங்கே சூழ்ந்த இல்லத்தில் வளர்ந்த பெண்ணிவர் என்பதை நேயர்கள் நினைவிற் கொள்ளல் வேண்டும். தந்தையின் பெயர் வாயிலைத் திறந்தது என்பார் உளர். அது மெய்யே; ஆயினும், வாயிலுக்குள் நாற்பதாண்டுக்கு மேல் நிலைத்து நிற்றல் தந்தையின் பெயரால் மாத்திரம் இயலுவதன்று.

பழநி மலைத்தொடரின் தென்சாரலுக்கு அப்பாலுள்ளது தேனி அல்லிநகரம். அவ்வூரிற் பிறந்த பாரதிராஜா அவர்கள் இயக்கிய 'கிழக்கே போகும் ரயில்' 1978-இல் வெளிவந்தது. அதிற் பாஞ்சாலி என்னும் கிராமப் பெண்ணாக இராதிகா முதன்முதலில் திரையிற் றோன்றினார். அன்றுதொட்டுத் தமிழ், தெலுங்கு, கன்னடம், மலையாளம், இந்தி ஆகிய மொழிகளில் நடித்து வந்தார். 1986-இற் கே. விசுவநாத் இயக்கிய 'சுவாதி முத்யம்' என்னும் தெலுங்குப் படத்திற் குழந்தையுடைய கைம்பெண்ணாக நடித்தார். அமெரிக்க ஆஸ்கர் போட்டிக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பெற்ற படம் அது. 1993-இற் 'கிழக்குச் சீமையிலே' படத்தில், உடன்பிறந்தானுக்கும் கணவனுக்கும் இடையே நைந்த விருமாயியாக அவர் தோன்றியதை நம் பக்கத்து முதியோர் இன்றும் கூறி நெகிழ்வர்.

நடித்ததனோடு அவர் அமைந்திலர். அவர் தயாரித்து, பிரதாப் போத்தன் இயக்கிய 'மீண்டும் ஒரு காதல் கதை', இயக்குநரின் முதற்படத்துக்குரிய தேசிய விருதைப் பெற்றது. 1994-இல் இராடான் என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். அது பின்னர்ப் பங்குகள் விற்கும் பொது நிறுவனமாகவும் வளர்ந்தது. ஈண்டு ஒன்று கவனித்தற்குரியது. ஏட்டுக் கணக்கும், ஒப்பந்தமும், வங்கியும் ஆடவர்க்கே உரியன என்று எண்ணியிருந்த தொழிலில், ஒரு நடிகை முதலாளியாய் அமர்ந்து, கூலி பெறும் நிலையினின்று கூலி கொடுக்கும் நிலைக்கு ஏறினார். நடிகைக்கு இளமை கழிந்தால் வாழ்வு கழிந்தது என்பது திரையுலகத்தின் கொடிய வழக்கு. அவ்வழக்கினை அவர் வாதிட்டு வென்றிலர். தொழில் நடத்தி வென்றார்.

1999 டிசம்பர்த் திங்களிற் சன் தொலைக்காட்சியிற் 'சித்தி' என்னும் தொடர் தொடங்கி 2001 நவம்பர் வரை நடைபெற்றது. சி. ஜே. பாஸ்கர் இயக்கினார், சிவகுமார் அவர்களும் நடித்தார். இதுவே தெலுங்கிற் 'பின்னி' என்னும் பெயரோடு சென்றது. தொடர்ந்து 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி', 'செல்லமே' என ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. 2013 முதல் 2018 வரை நடைபெற்ற 'வாணி ராணி'யில் இரு வேடம் பூண்டார். அது 1700-க்கும் மேற்பட்ட பகுதிகளைக் கண்டது. 2020-இற் 'சித்தி' இரண்டாம் முறையாகத் தொடங்கப்பெற்றது. இரவுக்கென எழுந்த இவ்வகைத் தொடர்கள் நாளடைவிற் பகற்பொழுதையும் பற்றிக் கொண்டன. பூம்பாறையிலும் மன்னவனூரிலும் பூண்டுக் காட்டு வேலை முடித்து வரும் பெண்டிர்க்கும் அவை நாள்தோறும் வந்து போகும் உறவினர் போலாயின.

ஈண்டு எம் குற்றமொன்றை ஒப்புக்கொள்ளல் வேண்டும். 'சித்தி' நடைபெற்ற காலத்து யாம் தமிழ் பயிலும் மாணவராயிருந்தோம். விடுமுறைக்கு வீடு வந்தால், அந்த அரைமணி நேரம் எம் அன்னையார் இருந்த இடம் விட்டு அசையார். யாமோ படித்த செருக்கினால், "இஃதும் ஓர் இலக்கியமோ?" என்று எள்ளினோம். அவர் திரையினின்று கண்ணெடாமலே, "என்னை வளர்த்தவளும் ஒரு சித்திதான். அவளைப் போன்றவளைப் பற்றி உன் புத்தகத்தில் நல்லபடியாக எங்கே எழுதியிருக்கிறது, சொல்லு, கேட்கிறேன்" என்றார். யாம் விடை தேடினோம். இராமகாதைக் கைகேயி முன் வந்து நின்றாள். பாட்டிமார் கதைகளில் மகவைக் காட்டுக்கு அனுப்பும் கொடியவர் வந்து நின்றனர். அன்னையார் விரும்பிய ஒருத்தி எம் நினைவுக்கு வந்திலள். சிற்றன்னை ஒருத்தியை நாயகியாக்கிய கதை, கல்லூரியிற் காலடி வையாத எம் அன்னையார்க்கு, அவர் நெஞ்சில் நெடுங்காலம் இருந்த ஒன்றைச் சொல்லிற்று. அன்று தொட்டு யாம் எள்ளுதலை விட்டோம்.

இதனால் தொடர்நாடகங்கள் யாவும் குற்றமற்றன என்று யாம் கூறுவதாகக் கொள்ளற்க. விளம்பரப் பொருள் வருமளவும் கதையை இழுத்தல், பெண்ணுக்குப் பெண்ணே பகையென நாள்தோறும் காட்டுதல், மாமியும் மருகியும் நஞ்சு கலந்து நடமாடல், பிள்ளைகள் பாடம் படிக்கும் வேளையைக் கவர்தல் ஆகிய இவை கண்டிக்கத்தக்கன. பள்ளியாசிரியராகிய யாம் இவற்றின் தீங்கை நேரிற் காண்கின்றோம். ஆயினும் குற்றம் கதையினது. நடிப்பென்னும் கலையினது அன்று. அரிசியிற் கல் கிடந்தால் கல்லைப் பொறுக்குவதே முறை. உழவனை ஊரை விட்டு ஓட்டுவார் இல்லை.

இனி, நம் சங்கத்தின் முன்னுள்ள வினாவுக்கு வருவோம். பெரியோர் கூறும் அச்சம் மூன்று. பெண்ணின் மானத்துக்கு ஊறு நேரும் என்பது ஒன்று. தொழில் நிலையற்றது என்பது மற்றொன்று. குலத்துக்குப் பழி என்பது பிறிதொன்று. முதலிரண்டும் பொருளுள்ள அச்சங்கள். அவற்றுக்கு மருந்து, பட்டப்படிப்பை முடித்த பின்னரே தொழில் புகுதல், ஒப்பந்தத்தை வாசித்தறிந்து கையெழுத்திடல், உடன் நின்று காக்கும் குடும்பம் ஆகியனவே. வீட்டாரோடு முரண்பட்டுத் தனியே ஓடும் பெண்ணுக்கே இடர் மிகுதி. வீட்டார் வாழ்த்தி அனுப்பும் பெண்ணுக்குத் திரும்பி வர ஒரு வாயில் உண்டு. ஆதலின் நாம் மறுத்தலால் அவ்விடர் குறையாது, மிகும்.

மூன்றாம் அச்சமாகிய பழி எங்கிருந்து வருகின்றது? வெளியிலிருந்தன்று, நம் வாயிலிருந்தே வருகின்றது. இரவு ஒன்பதரை மணிக்கு ஒரு நடிகையின் துயரத்துக்காகக் கண்ணீர் சிந்திவிட்டு, மறுநாட் காலையில் நடிகை என்றால் இழிவென்று பேசுகின்றோம். சுந்தராம்பாள் அம்மையார் சட்ட மேலவையில் அமர்ந்து எழுபதாண்டு கடந்தது. இராதிகா அம்மையார் நிறுவனம் நடத்தி, நாடாளுமன்றத் தேர்தலிலும் 2024-இற் போட்டியிட்டார். அதில் வெற்றி கிடைத்திலது. எனினும் நடிகை என்பதால் வேட்பாளராக நிற்றற்குத் தடையில்லை. நாடு கடந்து சென்ற வேலியை நம் சங்கம் மாத்திரம் புதிதாக நட்டுக் காப்பது அறிவுடைமையாமோ?

எனவே, மற்ற மாணாக்கர்க்குரிய மதிப்பெண், வறுமை நிலை என்னும் அளவுகோல்களையே அம்மாணவிக்கும் வைத்து, அவற்றுட் பொருந்துவாளாயின் உதவி வழங்குக என்பதே யாம் பணிவுடன் விடுக்கும் வேண்டுகோள். தனிச்சலுகை வேண்டா, தனித்தடையும் வேண்டா. அப்பெண் நாளை புகழ் பெறலாம், பெறாமலும் போகலாம். மருத்துவம் பயில அனுப்பிய பிள்ளைகள் அனைவரும் பெருமருத்துவராயினரோ? கற்க விரும்பிய பெண்ணை நம் குலம் தடுத்ததில்லை என்னும் பெயர் நிலைத்தால் அதுவே போதும்.

அடுத்த கூட்டத்துக்கு வரும் அன்பர்கள், புறப்படுமுன் தத்தம் இல்லத்துத் தாய்மாரை ஒருமுறை கலந்து வருக. எம் அன்னையாரைப் போல அவர்களும் நாம் எதிர்பாராத விடை ஒன்று வைத்திருத்தல் கூடும்.

பழநியாண்டவன் திருவருள் முன்னிற்க. நம் சங்கம் தழைத்தோங்குக!