காணாமல் போன ஆக்சிஜன்: பயோஸ்பியர் 2-இன் கதை

விண்வெளிப் படம் பார்க்கிறவர்களுக்கு ஒரு மெஷின் ரொம்பப் பழக்கம். படத்துக்குப் படம் பெயர் மாறும், வேலை ஒன்றுதான். நாம் விடும் மூச்சை மறுபடி ஆக்சிஜனாக்கும், கழிவுநீரைக் குடிநீராக்கும், குப்பையைச் சாப்பாடாக்கும். வெளியிலிருந்து எதுவும் வேண்டாம், நூறு வருஷம் கதவைத் திறக்காமல் ஓடும். திரையில் இதை யாரும் கேள்வி கேட்பதில்லை. ஆனால் நிஜத்தில் அப்படி ஒன்றைக் கட்டி, உள்ளே மனிதர்களை வைத்துக் கதவைச் சாத்திப் பார்த்தவர்கள் உண்டு. இந்த எபிசோட் அவர்களைப் பற்றித்தான்.

இந்த யோசனையின் வேர் 1771-இல், இங்கிலாந்தின் லீட்ஸ் நகரத்தில் இருக்கிறது. ஜோசப் பிரீஸ்ட்லி என்ற பாதிரியார், மூடிய கண்ணாடிப் பாத்திரத்துக்குள் மெழுகுவத்தி எரிந்து அணைந்த காற்றில் ஒரு புதினாக் கொத்தை வைத்தார். சில நாள் கழித்துப் பார்த்தால், அதே காற்றில் மெழுகுவத்தி மறுபடி எரிந்தது. நாம் கெடுக்கிற காற்றைச் செடி சரிசெய்கிறது! அப்படியென்றால், போதுமான செடிகளோடு ஒரு மனிதனையும் வைத்துப் பூட்டினால்?

இதைப் பெரிய அளவில் செய்து பார்த்தது சோவியத் யூனியன். சைபீரியாவின் க்ராஸ்னோயார்ஸ்க் நகரத்தில் 'பயோஸ்-3' என்று ஒரு நிலத்தடிக் கூடம். மொத்தமே 315 கன மீட்டர். சூரியனுக்குப் பதில் செனான் விளக்குகள், சாப்பாட்டுக்குக் கோதுமையும் காய்கறியும், காற்றுக்குக் குளோரெல்லா பாசி. 1972-73-இல் அங்கே 180 நாள் சோதனை நடந்தது. ஒரு நேரத்தில் மூன்று பேர் வரை உள்ளே இருந்தார்கள். காற்று உள்ளேயே சுழன்றது, தண்ணீரும் பெரும்பாலும் சுழன்றது. ஆனால் உலர்ந்த இறைச்சி வெளியிலிருந்துதான் போனது. வட்டம் முழுசாக மூடவில்லை.

இப்போ அமெரிக்காவுக்கு வருவோம். அரிசோனா மாநிலத்தில் ஆரக்கிள் என்ற சின்ன ஊர். அங்கே 3.14 ஏக்கரில் கண்ணாடியும் எஃகுமாக ஒரு குட்டி உலகம் எழுந்தது. உள்ளே மழைக்காடு, பவளப்பாறையோடு ஒரு கடல், அலையாத்திக் காடு, பாலைவனம், ஒரு பண்ணை. செலவு 15 கோடி டாலருக்கும் மேல். பெயர் பயோஸ்பியர் 2. அப்போ பயோஸ்பியர் 1 எங்கே என்றால், அது நம்ம பூமிதான்!

1991 செப்டம்பர் 26 அன்று நான்கு பெண்களும் நான்கு ஆண்களும் உள்ளே போனார்கள். இரண்டு வருஷம் கதவு மூடியே இருக்கணும் என்பது திட்டம். சாப்பாடு பற்றாமல் எல்லோரும் இளைத்தார்கள். சர்க்கரைவள்ளிக்கிழங்கை அளவுக்கு மேல் சாப்பிட்டு, சிலருடைய தோலே ஆரஞ்சு நிறமானது. மகரந்தம் சுமக்கிற பூச்சிகள் அழிந்தன, கரப்பான்பூச்சியும் எறும்பும் பெருகின. ஆனால் பெரிய பயம் இதெல்லாம் இல்லை. கண்ணுக்குத் தெரியாத ஒன்று குறைந்துகொண்டே வந்தது.

நாம் சுவாசிக்கிற காற்றில் ஆக்சிஜன் கிட்டத்தட்ட 21 சதவீதம். உள்ளே அது மாசாமாசம் இறங்கி, 1993 ஜனவரியில் 14 சதவீதத்துக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. 4,000 மீட்டர் உயர மலையில் குடியிருப்பது மாதிரி. மாடிப்படி ஏறவே மூச்சு வாங்கியது, தூக்கத்தில் மூச்சுத் திணறியது. கடைசியில் டாக்டரின் கவலை ஜெயித்தது. வெளியிலிருந்து ஆக்சிஜன் ஏற்றினார்கள். பத்திரிகைகள் 'தோல்வி' என்று எழுதின.

ஆனால் ஒரு கேள்வி பாக்கி. அந்த ஆக்சிஜன் எங்கே போனது? ஒரு பாதி பதில் கையில் இருந்தது. பயிர் நன்றாக வரட்டும் என்று மண்ணில் மக்கு உரத்தைத் தாராளமாகப் போட்டிருந்தார்கள். அதைத் தின்ற நுண்ணுயிர்கள் ஆக்சிஜனை இழுத்து, கார்பன் டை ஆக்சைடை விட்டன. சரி, அப்படியென்றால் குறைந்த ஆக்சிஜனுக்கு ஈடாகக் கார்பன் டை ஆக்சைடு ஏறியிருக்கணும் இல்லையா? அந்த அளவுக்கு ஏறவில்லை. பெட்டியில் பணம் குறைகிறது, செலவுக் கணக்கில் எதுவும் இல்லை என்கிற மாதிரி.

துப்புக் கண்டுபிடித்தவர்கள் ஜெஃப் செவரிங்ஹாஸ், வாலஸ் பிரோக்கர் முதலான விஞ்ஞானிகள். திருடன் செடியும் இல்லை, மண்ணும் மட்டும் இல்லை. சுவர்! புது கான்கிரீட்டில் இருந்த கால்சியம் ஹைட்ராக்சைடு, காற்றில் இருந்த கார்பன் டை ஆக்சைடைப் பிடித்துச் சுண்ணாம்புக் கல்லாக மாற்றிக்கொண்டே இருந்தது. கார்பனோடு சேர்ந்த ஆக்சிஜனும் சுவருக்குள் பூட்டிக்கொண்டது. செடிகளுக்குத் திரும்பி வரவேண்டிய வாயு வரவே இல்லை.

யோசித்துப் பாருங்கள். மழைக்காட்டையும் கடலையும் பார்த்துப் பார்த்துக் கணக்கில் சேர்த்தவர்கள், அந்த உலகத்தைத் தாங்கி நின்ற கான்கிரீட்டைச் சேர்க்கவில்லை. மூடிய இடத்தில் 'வெறும் பின்னணி' என்று எதுவுமே கிடையாது. 1994-இல் அடுத்த குழு போவதற்கு முன் கான்கிரீட்டுக்குப் பூச்சு அடித்தார்கள்.

பிறகு கொலம்பியா பல்கலைக்கழகம் அந்தக் கட்டடத்தை நடத்தியது. அந்தக் குட்டிக் கடலில்தான், காற்றில் கார்பன் டை ஆக்சைடு ஏறினால் பவளங்கள் கூடு கட்டுகிற வேகம் குறையும் என்று அளந்து காட்டினார்கள். இன்று அது அரிசோனா பல்கலைக்கழகத்தின் ஆய்வுக்கூடம்.

அந்த சினிமா மெஷின் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது? சர்வதேச விண்வெளி நிலையத்தில் வியர்வை, மூச்சின் ஈரம், சிறுநீர் எல்லாவற்றையும் சேர்த்து 98 சதவீதத் தண்ணீரை மீட்க முடிகிறது என்று 2023-இல் நாசா சொன்னது. சாப்பாடு இன்னும் பூமியிலிருந்துதான் சரக்குக் கலத்தில் போகிறது.

அரிசோனாவில் மூச்சு முட்டியதும் வெளியிலிருந்து ஆக்சிஜன் கொண்டுவந்தார்கள். பயோஸ்பியர் 1-க்கு அப்படி ஒரு வெளி கிடையாது. அடுத்த எபிசோடில் சந்திப்போம்!