செங்கொடியும் வெண்கொடியும்

1963 ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள். இரங்கூன் நகரில் சமாதானப் பேச்சு. ஒருபுறம், படைத்தலைவர் நே வின் அமைத்த புரட்சிக் கவுன்சிலின் சார்பினர். மறுபுறம், 17 ஆண்டுகள் காட்டைக் கோட்டையாகக் கொண்டிருந்த செங்கொடிக் கம்யூனிஸ்டுக் கட்சியின் தலைவர் தக்கின் சோ. வந்தமர்ந்தவர், தம்முன் ஒரு படத்தை எடுத்து வைத்தார். ஸ்டாலின் படம்! ஸ்டாலின் மறைந்து பத்தாண்டுகள் ஆகியிருந்தன. 1961 இல் சோவியத் அரசே அவர் உடலை லெனின் உறங்கும் மண்டபத்திலிருந்து அகற்றிவிட்டது. பர்மியக் காட்டிலிருந்து வந்தவருக்கோ அந்தப் படமே சான்று, அந்தப் படமே துணை. குருஷ்சேவ் திரிபுவாதி என்றார். மா சே துங் சந்தர்ப்பவாதி என்றார். மாஸ்கோவும் தவறியது, பீக்கிங்கும் தவறியது. தவறாதிருப்பது தம் கட்சி ஒன்றே! சில நாள்களில் பேச்சு முறிந்தது. அவர் மீண்டும் காடு புகுந்தார்.

நகைத்துவிட்டு நகர்ந்துவிடலாம். நாம் அப்படி நகர விரும்பவில்லை. சோ பித்தருமல்லர், பேதையுமல்லர். பர்மாவிலே பொதுவுடைமைக் கருத்துக்கு வித்திட்டவருள் ஒருவர். 1938 இலேயே சோசலிசம் பற்றிப் பர்மிய மொழியில் நூல் எழுதியவர். மார்க்சின் கருத்துகளை, மடங்களிலே மக்கள் கேட்டுப் பழகிய பௌத்தப் பாலிச் சொற்களைக் கொண்டே விளக்கியவர். 1939 இல் இரங்கூனில் கட்சி பிறந்தபோது அதை நிறுவியோருள் ஒருவர். அந்தக் கட்சியின் முதற்செயலாளர், பின்னாளில் பர்மா தன் தந்தை எனப் போற்றிய ஆங் சான்! 'தக்கின்' என்றால் எசமான் என்று பொருள். வெள்ளையரை அழைக்க வழங்கிய அந்தச் சொல்லை, 'இந்நாட்டுக்கு எசமானர் நாங்களே' என்று அந்த இளைஞர்கள் தங்கள் பெயருக்கு முன்னே சூட்டிக்கொண்டனர்.

அவர்கள் பேச்சுக்கு மக்கள் செவிசாய்த்தது ஏன்? ஐராவதிக் கழிமுகத்துக் கழனிகளைக் கேட்டால் சொல்லும். அதிலே நம்மவர் கணக்கும் உண்டு; அதை மறைத்துவிட்டு வரலாறு பேசுவது நேர்மையன்று. நம் செட்டிநாட்டிலிருந்து சென்றவர்கள் வட்டிக்குக் கடன் கொடுத்தனர். காட்டை வெட்டிக் கழனியாக்க அந்தப் பணம் உதவியது, மெய்தான். ஆனால் 1930 இல் உலக மந்தம் வந்து நெல்விலை சரிந்தது. கடன் அடைபடவில்லை, நிலம் கைமாறிற்று. கீழைப் பர்மாவில் நெல் விளையும் 13 மாவட்டங்களிலே, 1930 இல் நூற்றுக்கு 6 பங்காக இருந்த செட்டியார் நிலம் 1937 இல் நூற்றுக்கு 25 பங்காயிற்று. அந்தப் பத்தாண்டின் தொடக்கத்திலேயே சாயா சான் என்பவர் தலைமையில் உழவர் கிளர்ந்தெழுந்தனர், ஆயிரக்கணக்கில் மாண்டனர். உழுதவன் கையிலே நிலம் இல்லாத அந்தக் கழிமுகந்தான் பின்னர்ச் சோவுக்குப் புகலிடமாயிற்று.

போர் வந்தது. ஆங் சான் சப்பானியருடன் கைகோத்து, அவர்கள் படையோடு நாடு திரும்பினார். இன்சின் சிறையிலிருந்த சோவும் அவர் தோழர் தக்கின் தான் துன்னும் 1941 சூலையில் வேறொரு முடிவுக்கு வந்திருந்தனர். 'பாசிசமே முதற்பகை, அதை வீழ்த்த, வேண்டுமானால் வெள்ளையனோடும் தற்காலிகமாக ஒத்துழைப்போம்' என்று அறிக்கை வரைந்தனர். வெள்ளையன் பூட்டிய சிறைக்குள் இருந்துகொண்டு அவ்வாறு எழுதத் துணிவு வேண்டும், தெளிவும் வேண்டும். சப்பானியர் ஆட்சியிலே தான் துன் அமைச்சரானார். சோ தலைமறைவாகிக் கழிமுகத்திலே படை திரட்டினார். 1944 ஆகஸ்டில் பெகுவில் ஆங் சான், தான் துன், சோ மூவரும் கூடிப் பாசிச எதிர்ப்பு அமைப்பைத் தோற்றுவித்தனர். 1945 மார்ச்சு 27 இல் பர்மியப் படை சப்பானியர்மீது பாய்ந்தது.

வெற்றி கிட்டிய பின்னரே வீடு இரண்டாயிற்று. போர்க்காலத்தில் அமெரிக்கக் கம்யூனிஸ்டுத் தலைவர் ஏர்ல் பிரவுடர், முதலாளித்துவமும் சமதர்மமும் இனி இசைந்து வாழும் என்று கூறி, 1944 இல் தம் கட்சியையே கலைத்துவிட்டார். 1945 இல் பிரெஞ்சுத் தலைவர் துக்ளோ அதைக் கண்டித்து எழுதினார். அன்று முதல் 'பிரவுடரிசம்' என்பது வசைச்சொல். பர்மியக் கட்சியும் போர் முடிந்தவுடன் அமைதி வழியிலேயே விடுதலை கிட்டும் என்று நம்பியது. ஆயுதங்களை ஒப்படைக்க இசைந்தது. அந்தக் கொள்கைக்குப் பொறுப்பானவர்கள் தான் துன்னும் தெயின் பேயும். 1946 தொடக்கத்தில் சோ அவர்கள்மீது பிரவுடரிசக் குற்றம் சாட்டினார். அவருடைய தனிவாழ்வைப் பற்றி எதிர்த்தரப்பினர் குற்றம் சாட்டினர். மார்ச்சுத் திங்களில், சிறுபான்மையினரை அழைத்துக்கொண்டு அவர் வெளியேறினார். அவருடையது செங்கொடிக் கட்சி. எஞ்சிய பெரும்பான்மைக்கு வெண்கொடிக் கட்சி என்று பெயர் நிலைத்தது. குத்தகை தராதே, வரி கட்டாதே என்று செங்கொடியினர் உழவரிடையே முழங்கினர். சூலையிலேயே தடை. இடையில் சில திங்கள் நீங்கிய தடை, 1947 சனவரியில் மீண்டும் விழுந்தது.

1948 சனவரி 4 இல் பர்மா விடுதலை பெற்றது. 'போலி விடுதலை' என்றார் சோ. மார்ச்சு 28 இல் வெண்கொடிக் கட்சியும் காட்டுக்குள் நுழைந்து ஆயுதம் ஏந்தியது. எந்த வழியை மறுத்ததற்காகச் சோ பிரிந்தாரோ, அந்த வழியைத் தான் துன் இரண்டே ஆண்டில் கைவிட்டார்! அப்படியானால் பிரிந்தவர் கூடுவதுதானே முறை? கூடவில்லை. ஒரே காடு, ஒரே பகை, ஒரே ஆசான் மார்க்சு. கட்சி மட்டும் இரண்டு!

இதுதான் நம்மைத் திகைக்க வைக்கிறது. கொள்கையில் நேர்ந்த பிழையே பிரிவுக்குக் காரணம் என்றால், பிழை நீங்கியதும் பிரிவும் நீங்கியிருக்க வேண்டும். சோ தம் கட்சியைக் கட்டியது 'பிழை' என்ற சொல்லின்மீதன்று, 'துரோகி' என்ற சொல்லின்மீது. பிழை செய்தவன் திருந்தலாம். துரோகி திருந்திவிட்டான் என்று ஒப்பினால், துரோகத்தை எதிர்க்கப் பிறந்த கட்சிக்கு வேலை ஏது? ஆகவே, நாளும் ஒரு துரோகி தேவைப்பட்டான். முதலில் தான் துன், பின்னர்க் குருஷ்சேவ், அதன் பின்னர் மா சே துங்! இந்த மனிதரைத்தான் வெளிநாட்டு எழுத்தாளர் சிலர் டிராட்ஸ்கியவாதி என்று எழுதினர். மேசைமீது ஸ்டாலின் படம் வைத்தவருக்கு அந்தப் பட்டம்! வேடிக்கைதான்.

உழவர் என்ன ஆயினர்? 1948 இலேயே நூவின் அரசு நில நாட்டுடைமைச் சட்டம் கொண்டுவந்தது. அது நிறைவேறிய வேகம் மெதுவானது, குறைகளும் ஏராளம். ஆயினும் போர்க்காலத்தில் ஓடிய செட்டியார்கள் பழையபடி நிலக்கிழார்களாகத் திரும்ப முடியாமற்போயிற்று. கழிமுகத்தின் பழைய முறையீடு பாதி தணிந்த அந்த நாளில், செங்கொடி அந்த உழவனுக்குச் சொல்லப் புதிதாக என்ன வைத்திருந்தது? மாஸ்கோவின் திரிபைப் பற்றிய விளக்கம்! நாற்று நடுபவனுக்கு அது எதற்கு?

பிரிந்து வந்த கட்சியிலிருந்தும் பிரிந்தனர். 1962 இல் கியா சான் ரீ தலைமையில் அரக்கானியர் சிலர், தங்கள் மண்ணுக்குத் தனிக் குடியரசு வேண்டுமென்று விலகி, அரக்கான் கம்யூனிஸ்டுக் கட்சி கண்டனர். எஞ்சியோர் ஆண்டுதோறும் குறைந்தனர். 1970 நவம்பரில் அரக்கான் மலைத்தொடரையொட்டிய பாசறையிலே சோ பிடிபட்டார். 1973 இல் தூக்குத் தண்டனை விதித்தனர், நிறைவேற்றவில்லை. 1980 பொதுமன்னிப்பில் விடுதலையானார்.

வெண்கொடியின் கதை மட்டும் வாழ்ந்த கதையா? சீனத்துக் கலாசாரப் புரட்சியின் அலை அங்கும் அடித்தது. கட்சியை நிறுவியோருள் ஒருவரான வங்காளியர் கோசாலை, 'பர்மாவின் லியு சாவோ சி' என்று குற்றம் சாட்டி 1967 இல் தோழர்களே கொன்றனர். மறு ஆண்டு செப்டம்பரில் தான் துன், தம்முடன் இருந்த காவலன் ஒருவனின் குண்டுக்கு இரையானார். 1989 ஏப்ரலில், வடகிழக்கு எல்லையிலே வா இனப் படைவீரர்கள் தங்கள் பர்மியத் தலைவர்களுக்கு எதிராகக் கிளர்ந்தெழுந்து, பாங்சாங் தலைமையகத்தைக் கைப்பற்றினர். முதிய தலைவர்கள் ஆற்றைக் கடந்து சீனாவுக்குள் ஓடினர். அடுத்த திங்கள், மே 6 ஆம் நாள், தக்கின் சோ மறைந்தார். அதற்கு நெடுநாள் முன்பே அவர் கட்சி மறைந்திருந்தது.