கடல் கடந்த தட்டம்

அந்தமான் என்றவுடன் நம்மவர் மனக்கண்முன் தோன்றுவது 1906-இல் கட்டி முடிக்கப்பெற்ற சிற்றறைச் சிறை. அச்சிறைக்கு வெளியே காடு திருத்திக் குடியேறிய கைதிகளின் மனைவியரைப் பற்றிச் சரித்திர நூல்கள் அதிகம் பேசுவதில்லை. அவர்களுள் மலையாளக் கரையிலிருந்து வந்த மாப்பிள்ளை முஸ்லிம் பெண்களின் தலைத்துணியைப் பற்றியே இங்குப் பேச விரும்புகிறேன்.

1921-ஆம் ஆண்டு மலபார்க் கிளர்ச்சிக்குப் பின் ஆயிரத்துக்கு மேற்பட்ட மாப்பிள்ளைமார் இத்தீவுகளுக்கு நாடு கடத்தப்பட்டனர். குடும்பத்தை வரவழைத்துக்கொண்டு நிலம் பெற்றுப் பயிரிடலாம் எனப் பின்னர் அரசாங்கம் இடங்கொடுத்தது. தண்டனைத் தீவு பெண்மக்கள் வாழத்தக்க இடமா என்ற வாதம் அந்நாளில் பலமாக எழுந்தது. ஆயினும் பலர் வந்தனர். தென் அந்தமானில் வண்டூர், மஞ்சேரி, திரூர், மண்ணார்காடு என இன்றும் வழங்கும் ஊர்ப்பெயர்கள் அவர்கள் கொணர்ந்தவையே.

உடையும் உடன் வந்தது. இடையில் கச்சி, மேலே நீண்ட கையுடைய குப்பாயம், தலையில் தட்டம். (தட்டம் என்றதும் தமிழருக்குத் தாம்பாளமே நினைவுக்கு வரும், மலையாளத்தில் அது மெல்லிய தலைத்துணி.) மலபாரில் இவ்வுடைக்கு ஒரு வரலாறு உண்டு. மேலாடை அணியும் உரிமை சாதியைப் பொறுத்திருந்த காலத்தில், இஸ்லாத்தைத் தழுவிய ஏழைப் பெண்ணுக்கு உடலை மறைத்துக்கொள்ளும் கௌரவம் கிட்டிற்று. 1843-இல் திரூரங்காடியில் மூண்ட கலகத்துக்கு, மதம் மாறிய பணிப்பெண் ஒருத்தியின் மேலாடையை ஊர் அதிகாரி கிழித்தது ஒரு காரணம் என்பர். தெற்கே திருவிதாங்கூரில் தோள்சீலைக்காகப் பெண்கள் பட்ட பாடும், 1859-இல் வந்த அரச பிரகடனமும் நேயர்கள் அறிந்தவை. ஆகவே தட்டத்தை அடக்குமுறையின் சின்னம் என்று ஒரேயடியாகச் சொல்லிவிடுவது சரித்திரத்துக்குப் பொருந்தாது. வீட்டாரும் ஊராரும் வற்புறுத்தவே இல்லை என்று கூறுவதற்கும் இல்லை.

தீவுக்கு வந்தபின் அதன் பொருள் மாறியது. வட இந்தியப் பகுதிகளிலிருந்து வந்த முஸ்லிம் கைதிகளும் அவர்தம் வழியினரும் அங்கு முன்னரே இருந்தனர், இந்துஸ்தானி பேசினர். மலபாரில் ‘இவள் முஸ்லிம்’ என்று உரைத்த தட்டம், இங்கே ‘இவள் மலபார்க்காரி’ என்றும் உரைக்கலாயிற்று. பிற மாநிலங்களில் வாழும் தமிழருக்கு இது விளங்காததன்று. ஊரில் எவரும் கவனியாத மல்லிகைச் சரம், வெளியூர்ப் பேருந்தில் நம் பெண்களை இனங்காட்டிவிடுகிறதல்லவா?

அடையாளம் அரசின் கைக்குப் போனால் என்ன ஆகும் என்பதற்கு அண்டை நாடே சான்று. பெரிய நிக்கோபாரின் தென்முனையிலிருந்து 200 கிலோமீட்டருக்கும் குறைந்த தொலைவில் உள்ளது இந்தோனேசியாவின் ஆச்சே. டச்சுக்காரரை எதிர்த்துப் போரிட்ட ஆச்சே வீராங்கனை சுட் நியா தியனின் உருவம் 1998-இல் வெளிவந்த பத்தாயிரம் ரூபியா நோட்டில் உண்டு. தலையில் துணியில்லை, கொண்டை தெரிகிறது. 1982-இல் வகுக்கப்பட்ட சீருடை விதிகளால், முக்காடிட்ட மாணவியர் சிலர் அரசுப் பள்ளிகளை விட்டு வெளியேற நேர்ந்தது. 1991-இல் தடை நீங்கிற்று. 2002-இல் ஆச்சேயில் முஸ்லிம்கள் சமய முறைப்படியே உடுத்தவேண்டும் என்று சட்டம் வந்தது. கண்காணிக்க ரோந்துப் படையும் வந்தது. கழற்று என்ற கட்டளை இருபதே ஆண்டுகளில் அணி என்ற கட்டளையாயிற்று. இரண்டிலும் பெண்ணைக் கேட்டவர் இல்லை. 2021-இல் மூன்று அமைச்சர்கள் சேர்ந்து, அரசுப் பள்ளிகள் முக்காட்டை வற்புறுத்தவும் கூடாது, தடுக்கவும் கூடாது என்று ஆணை பிறப்பித்தனர். ஆச்சேக்கு மட்டும் விலக்கு. சில மாதங்களில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அவ்வாணையையே நீக்கிவிட்டது.