ரமோனா

ரமோனா என்பது ரமோன் என்னும் ஸ்பானிய ஆண்பெயரின் பெண்பால் வடிவமாகும். 'அறிவுரை', 'காப்பு' எனப் பொருள்படும் ரகின், முண்ட் என்னும் இரு பழஞ்செர்மானியச் சொற்கள் இணைந்த ரகின்முண்ட் என்ற பெயர், ஐபீரியத் தீபகற்பத்தில் ரமோன் எனத் திரிந்தது. மகப்பேற்றுக்குக் காவலராகக் கத்தோலிக்கர் வணங்கும் 13ஆம் நூற்றாண்டுத் துறவி புனித ரமோன் நொன்னாத்து இப்பெயரினர். ஓசை நெருங்கினும், வடமொழி வழிவந்த ரமணி, ரம்யா ஆகியவற்றோடு இதற்கு உறவில்லை.

பெயரைப் பரப்பியது சமயத்தைவிடக் கலையே எனலாம். ஹெலன் ஹண்ட் ஜாக்சனின் 'ரமோனா' புதினம் 1884இல் வெளிவந்தது; அதைத் தழுவி டொலோரஸ் டெல் ரியோ நடித்த 1928ஆம் ஆண்டுத் திரைப்படத்திற்காக மேபல் வேய்ன் இசையமைத்த அதே பெயர்ப் பாடலை, இந்தோனேசியாவில் பிறந்த டச்சுச் சகோதரர்களான புளூ டயமண்ட்ஸ் 1960இல் மீண்டும் பாட, அது மேற்கு ஜெர்மனியில் பெருவெற்றி பெற்றது. செர்மானிய வேர்ச்சொல் ஸ்பானிய உருவில் இவ்வாறு தாயகம் மீண்டது.

ஜெர்மனியின் பேர்லின் மாவட்டங்களில், ரமோனா உள்ளிட்ட குழந்தைப் பெயர்கள் ஷ்டாண்டெஸ்அம்ட் என்னும் குடிநிலைப் பதிவகத்தில் பதியப்படுகின்றன. குழந்தையின் நலனுக்கு ஊறு விளைக்கும் பெயரை அவ்வலுவலகம் மறுக்கலாம். முதற்பெயர்களின் மாவட்டவாரிப் பட்டியலை நகர நிர்வாகம் ஆண்டுதோறும் வெளியிடுகிறது.