சுபேதார் சுப்பிரமணியன்

பதுங்குகுழிப் போர் முதல் உலகப் போரோடு முடிந்துவிட்டது என்று மாணவர் பலர் எண்ணுவதுண்டு. 1943-44 குளிர்காலத்தில் இத்தாலியின் கசீனோ மலைப்பகுதியில் அது மீண்டும் தலைகாட்டியது. ஜெர்மானியப் படை பாறைகளுக்கிடையே பதுங்கிக்கொண்டது. நேச நாட்டுப் படைகள் சேற்றிலும் பனியிலும் மாதக்கணக்கில் முடங்கின. இடைப்பட்ட நிலமெங்கும் கண்ணிவெடிகள்.

அவற்றை அகற்றும் வேலை மதராஸ் சாப்பர்ஸ் அண்டு மைனர்ஸ் போன்ற பொறியாளர் படைகளுடையது. அப்படையின் சுபேதார் சுப்பிரமணியன், 1912இல் அன்றைய செங்கல்பட்டு மாவட்டம் கீழ்ஒட்டிவாக்கத்தில் பிறந்தவர். இன்று கார்த் தொழிற்சாலைகள் நிறைந்த ஸ்ரீபெரும்புதூரும் ஒரகடமும் அன்று அதே மாவட்டத்து ஏரிப்பாசன ஊர்கள்.

கருவியால் தடவி, துப்பாக்கிமுனைக் கத்தியால் மண்ணைக் குத்திப் பார்த்து, துப்புரவான பாதையை வெள்ளை நாடாவால் குறிப்பார்கள். 'எஸ்' வகைக் கண்ணிவெடி மிதிபட்டதும் வெடிக்காது. சில நொடிகள் கழித்து இடுப்பளவு துள்ளி எழுந்து, இரும்புக் குண்டுகளைச் சுற்றிலும் சிதறடிக்கும். விலகி ஓடவும் அந்நொடிகள் போதாது.

1944 பிப்ரவரி 24 அன்று மிக்னானோவில் அத்தகைய வெடி ஒன்று கிளம்பியபோது சுப்பிரமணியன் அதன்மேல் பாய்ந்து தன் உடலால் மூடினார். உடனிருந்தோர் பிழைத்தனர். அவருக்கு வயது 31.

அவ்வாண்டு ஜூனில் ஜார்ஜ் கிராஸ் விருது அறிவிக்கப்பட்டது. எதிரியை நேருக்கு நேர் சந்திக்காத வீரச்செயலுக்கு அதுவே உச்ச விருது. கண்ணிவெடியை எதிரியாகக் கொள்ளாத இந்த வகைப்பாடு சற்று விந்தையானதுதான்.

அவருக்குத் தனிக் கல்லறை இல்லை. இத்தாலியில் சாங்ரோ ஆற்றுப் போர்க் கல்லறைத் தோட்டத்தில், தகனம் செய்யப்பட்ட இந்திய வீரர்களுக்கான நினைவுச் சின்னத்தில் பெயர் பொறிக்கப்பட்டுள்ளது.